மடுவுக்குள் கிடந்த கல்

முதிரையடிக்குளத்துக்குக் கீழே முப்பத்தெட்டு ஏக்கர் வயல். அதில் கடைசி ஆறு ஏக்கரைக் கடைக்கட்டு என்பார்கள். துருசு என்ற மதகைத் திறந்தால் தண்ணீர் மேல்வயல்களின் வயிற்றையெல்லாம் நிரப்பிவிட்டு, சருகும் நுரையுமாய்க் கடைசியாக வந்து சேருவது அங்கேதான். இரஞ்சிதத்தின் இரண்டு ஏக்கரும் அந்த ஆறு ஏக்கருக்குள் இருந்தது.

ஆவணி மாதத்துக் கூட்டத்தில் விவசாயிகளுடைய கமக்காரர் அமைப்பின் தலைவர் சிற்றம்பலம் சுற்றிவளைக்காமல் சொல்லிவிட்டார்.

"கடைக்கட்டுக்காரர் குறை நினைக்கப்படாது. காலபோகத்துக்கு மழையை நம்பி விதைக்கிறதெண்டா விதையுங்கோ. தை மாதம் குளத்துத் தண்ணி கேட்டு என்ரை படலைக்கு வரப்படாது."

"தை மாதம்தானே கதிர் பால் பிடிக்கிறது," என்று இரஞ்சிதம் எழும்பினாள். "அப்ப தண்ணி இல்லையெண்டா நான் என்னத்தை வெட்டுறது? வைக்கலையோ?"

"வைக்கலெண்டாலும் மாடு தின்னும்."

பின்வரிசையில் யாரோ சிரித்தார்கள். திரும்பிப் பார்த்தாள். முத்துலிங்கம். அவர் சிரிக்கலாம். அவருக்குக் கடைக்கட்டில் ஒரு முழ நிலமும் இல்லை. அவருடைய வாழைத்தோட்டம் குளத்துக்குள்ளேயே இருந்தது.

குளத்துக்குள் எப்படி வாழை நிற்கும் என்று வெளியூர்க்காரர் கேட்பார்கள். நிற்கும். குளத்தின் கல்லைப் பிடுங்கிப் பாருங்கள், நிற்கும்.

குளம் நிறைந்து மிஞ்சுகிற தண்ணீர் வழிந்தோடுவதற்குக் கட்டின் ஓரத்தில் விட்டிருக்கும் வாயை இங்கே வான் என்பார்கள். முதிரையடிக்குளத்து வானின் குறுக்கே ஒன்பது அடி நீளத்தில் ஒரு கருங்கல் கிடந்தது. யார் கொத்தியது, எந்தக் காலம், ஒருவருக்கும் தெரியாது. அதன் முகத்தில் இரண்டு வரி எழுத்து இருந்தது. அதுவும் என்ன எழுத்தென்று ஒருவருக்கும் தெரியாது. தண்ணீர் அந்தக் கல்லின் மட்டத்துக்கு ஏறும். அதற்கு மேலே ஏறினால் கல்லைத் தாண்டிப் போகும். அவ்வளவுதான் அதன் வேலை. அந்த வேலையை அது ஒருநாளும் பிழைவிடாமல் செய்துகொண்டிருந்தது.

ஏழு வருடத்துக்கு முன் ஒரு மாரியில் கல்லைக் காணவில்லை. வெள்ளம் கொண்டுபோய்விட்டது என்று ஊர் நம்பியது. அடுத்த மாரியில் வானின் மண் ஒரு முழம் அரிந்தது. அதற்கடுத்த மாரியில் இடுப்பளவு. ஏதோ ஒரு திட்டத்தில் வந்து கொங்கிறீட் போட்டார்கள். ஒரே மழையில் அது பிஸ்கற் மாதிரி நொருங்கிப்போனது. வாய் பள்ளமாகப் பள்ளமாகக் குளம் மெலிந்தது. அலைகரை, அதாவது தண்ணீர் ஏறி நிற்கிற மேல்விளிம்பு, கால் மைல் உள்வாங்கியது. குளத்து ஆம்பலான ஒல்லிப்பூ போனது, அதைத் தேடி வந்த பறவைகள் போயின. ஊர்க்கிணறுகளில் வாளிக்கயிற்றை நீட்டிக் கட்டினார்கள். காய்ந்த அலைகரையில் ஆளுயரப் புல் முளைத்தது. புல்லுக்கு யானை வந்தது. வானால் இறங்கிய தண்ணீர் வண்டில் பாதையை அறுத்துக் கிடங்காக்கி, பள்ளிக்கூடப் பிள்ளைகளை இரண்டு மைல் சுற்ற வைத்தது. காய்ந்த நிலத்தில் ஒரு நல்ல துண்டைப் பிடித்து முத்துலிங்கம் நூற்றிருபது வாழை நட்டார்.

கூட்டம் முடிந்து வந்த அன்று பின்னேரம் முல்லைத்தீவிலிருந்து யூலிற்றா ஃபோன் எடுத்தாள். யுத்தம் முடிந்த காலத்தில் செட்டிகுளம் அகதி முகாமில் இரண்டு பேருடைய கூடாரமும் ஒட்டி ஒட்டி இருந்தது. ஒரே ஒரு கத்தியை இரண்டு குடும்பமும் பாவித்த காலம் அது. ஊர் திரும்பிய பிறகு ஒவ்வொரு மாசியும் இரஞ்சிதம் ஒரு மூட்டை அரிசி அனுப்புவாள். அங்கேயிருந்து கருவாடு வரும்.

"ரெண்டு வருசமா அரிசி வரேல்லை. நான் அரிசிக்குக் கேக்கேல்லையடி. உனக்கு என்ன நடந்தது எண்டு கேக்கிறன்."

"வயல் படுத்திட்டுது யூலி. இந்தமுறை தண்ணியும் இல்லையெண்டு கூட்டத்திலை சொல்லிப்போட்டினம். வான்கல்லு வெள்ளத்தோடை போனதிலையிருந்து குளம் நிக்குதில்லை."

"கல்லு வெள்ளத்திலை போகுமே? கல்லென்ன கடுதாசித் தோணியோ? எங்கடை வலை போனா நாங்கள் கடலைத் திட்டிக்கொண்டு இருக்கிறேல்லை. தேடுவம். நீயும் தேடு. ஆள் வேணுமெண்டா என்ரை மனுசன் யோசெப்பை அனுப்பிறன்."

யூலிற்றாவுக்கு ஃபோன் எதற்கு என்று தோன்றும். கடற்கரையில் நின்று கத்திப் பழகிய குரல். குசினி வாசலில் புட்டைப் பிசைந்துகொண்டிருந்த கணவர் கணபதிக்கு எல்லாம் கேட்டது. அவருடைய கை சாப்பாட்டுக் கோப்பையிலேயே நின்றுவிட்டது. பாதியில் எழும்பிக் கையைக் கழுவினார்.

"என்னப்பா, சாப்பாடு பிழையோ?" என்று இரஞ்சிதம் கேட்டாள்.

"சாப்பாடு சரி," என்றார்.

விடிந்ததும் அவளைக் குளக்கட்டுக்குக் கூட்டிக்கொண்டு போனார். ஒரு மண்கட்டியை எடுத்து, குளத்தின் ஆழமான மடுப்பக்கமாக எறிந்தார். பிறகு இன்னொன்று. பிறகு மூன்றாவது. மூன்றும் கிட்டத்தட்ட ஒரே இடத்தில் விழுந்தன.

"இஞ்சேரப்பா, உங்களுக்கு விசரே?"

"அந்தக் கல்லை வெள்ளம் கொண்டுபோகேல்லை," என்றார் கணபதி. "இதுக்கு மேலை நான் வாயாலை சொல்லமாட்டன். பிள்ளையாருக்கு முன்னாலை கற்பூரம் அடிச்சுச் சத்தியம் செய்தனான்."

இரஞ்சிதம் தண்ணீரில் விரிந்த வளையங்களைப் பார்த்தாள். வளையங்கள் அடங்கும்வரைக்கும் பார்த்தாள். முப்பது வருடம் ஒரு மனிதனோடு சீவித்தால் மிச்சத்தை அவன் சொல்லத் தேவையில்லை.

"ஆரார்?"

நான்கு விரலைக் காட்டினார். ஒன்றை மடித்துச் சுடலைப் பக்கம் தலையை ஆட்டினார். இரண்டாவதை மடித்து வானத்தில் பிளேன் மாதிரிக் கையை ஓட்டினார், அது கனடா. மூன்றாவதை மடிக்கவில்லை. அலைகரையில் பச்சையாய் நின்ற வாழைகளை நோக்கி நீட்டினார். நான்காவதால் தன் நெஞ்சைத் தொட்டார்.

வீட்டுக்கு வந்து இரஞ்சிதம் நடந்ததைச் சொன்னாள். கேட்டுக் கொதித்தவள் மகள் தேனுகா. அந்தப் பரம்பரையில் முதல்முதல் கம்பஸ் போனவள். புவியியலில் பட்டம் எடுத்து, மூன்று வருடமாக வேலையில்லாமல் தகப்பனோடு வரம்பு கட்டுகிறவள்.

"மற்ற ஆக்கள் கொண்டுபோயிடுவினம் எண்டு பயந்து நீங்களே கொண்டுபோனியளோ, அப்பா?"

"பிள்ளை, தொல்பொருள் திணைக்களத்து ஜீப் வந்த நாள் நீ இஞ்சை இல்லை." கணபதி கதிரையில் குனிந்திருந்தார். "பக்கத்துக் கிராமத்திலை நாலு பழங்கல்லைப் படம் எடுத்தினம். அடுத்த மாதம் எல்லைக்கட்டை வந்தது. உழப் போனவனை மறிச்சினம். கல்லிலை எழுத்திருந்தா காணி போகும் எண்டு ஊரெல்லாம் கதை. மூண்டு தரம் இடம்பெயர்ந்து வந்து ஒட்டின காணி பிள்ளை இது. எங்கடை கல்லிலையும் எழுத்து இருந்தது. நாங்கள் என்ன செய்யிறது?"

"கல்லை எடுத்தவுடனை குளம் போச்சு. குளம் போனவுடனை வயல் போச்சு. அவை வந்திருந்தாலும் இவ்வளவுதானே நடந்திருக்கும்? அவைக்கு டீசல் செலவு மிச்சம்!"

"போதும் பிள்ளை," என்றாள் இரஞ்சிதம். மகளின் கோபத்தில் அவளுக்கும் பங்கிருந்தது. ஆனால் கணபதியின் குனிந்த கழுத்தைப் பார்க்க முடியவில்லை. "மாரிக்கு முதல் கல்லை எடுக்கவேணும். தண்ணி ஏறினா மடுவுக்குள்ளை ஆரும் இறங்கேலாது. பிள்ளையாரோடை நான் கதைக்கிறன். நீ யூலி மாமிக்கு ஃபோன் எடு."

முத்துலிங்கத்திடம் அவள் தனியே போனாள். அவர் வாழைக்கு உரமாகக் குழை வெட்டிப் போட்டுக்கொண்டிருந்தார். சில மரங்களில் குலைகள் யானைத் தந்தம் மாதிரி வளைந்து முற்றிக்கொண்டு வந்தன.

"அண்ணை, எனக்குத் தெரியும்," என்றாள்.

அவர் கத்தியைத் தோளில் வைத்தார். மறுக்கவில்லை.

"கல்லு ஏறினா தண்ணி ஏறும். தண்ணி ஏறினா இந்த நூற்றிருபது மரமும் என்ன செய்யும், இரஞ்சிதம்?"

பொய் சொல்ல நினைத்தாள். அலைகரைத் தண்ணீர் இவ்வளவு தூரம் வராது என்று சொல்லலாம். இந்த இடத்தில் அவளே ஒல்லிப்பூப் பிடுங்கியிருக்கிறாள். அவருக்கும் அது தெரியும்.

"அழுகிப்போகும் அண்ணை."

அவர் திரும்பிக் குழை வெட்டத் தொடங்கினார்.

புரட்டாதி நடுவில் ஒரு சனிக்கிழமை யோசெப் வந்து இறங்கினான். சின்ன லொறி ஒன்றில் எட்டுப் பேர், வள்ளம் கரையேற்றுகிற தடித்த கயிறுகள், உருட்டுக்கட்டைகள், ஒரு மூட்டை கருவாடு. மூன்று நாள் தொழிலை விட்டுவிட்டு வந்திருந்தார்கள். யூலிற்றாவும் கூடவே வந்து, லொறியிலிருந்து குதித்ததும் நேரே குசினிக்குள் போய் அடுப்பை ஊதினாள்.

கணபதி மண்கட்டி எறிந்த இடத்தில் ஆட்கள் நெஞ்சளவு தண்ணீரில் இறங்கி இரும்பு அலவாங்கால் குத்திப் பார்த்தார்கள். சேறு, சேறு, பிறகும் சேறு. சனி போனது. ஞாயிறு அவர்கள் விடியவே புளியங்குளம் பக்கம் தேவாலயப் பூசைக்குப் போய்வந்து, மறுபடி இறங்கினார்கள். ஒரு பழைய சைக்கிள் றிம் வந்தது. ஒரு கிடாரம் வந்தது. கல் வரவில்லை.

"கணபதியண்ணை," என்றான் யோசெப், காதுக்குள் போன சேற்றைத் தட்டியபடி, "நீங்கள் கல்லைத்தானே போட்டனீங்கள்? சீனிக்கட்டியில்லையே?"

"விடியக் கருக்கலிலை கட்டையிலை உருட்டித் தள்ளினது தம்பி. பயத்திலை ஆர் இடம் பாத்தது?"

மத்தியானம் யூலிற்றா யப்பான் என்கிற குளத்து மீனில் குழம்பு வைத்திருந்தாள். கடற்காரர் ஒவ்வொருவராய் முகர்ந்து பார்த்தார்கள்.

"இதென்ன மச்சான், சேத்தை மிளகாய்த்தூளிலை பிரட்டின மாதிரி?"

"தின்னடா," என்றாள் யூலிற்றா. "செட்டிகுளத்திலை பருப்புத் தண்ணியை ரசம் எண்டு குடிச்சனீ. இப்ப உனக்கு மீனிலை சாதி பாக்க வந்திட்டுது."

எல்லாரும் சிரித்தார்கள். இரஞ்சிதம் சோறு போட்டாள். யாருடைய கோப்பையும் காலியாகாமல் பார்த்துக்கொண்டாள். அந்தச் சோறு கடையில் வாங்கிய அரிசி. அது அவளைச் சுட்டது. இவ்வளவு தூரம் வந்தவர்களுக்குத் தன் வயல் அரிசியில் ஒரு பிடி இல்லையே. யூலிற்றா அதைக் கண்டுகொண்டாள். அகப்பையை அவள் கையிலிருந்து வாங்கினாள்.

திங்கட்கிழமை வடகிழக்கே மேகம் கறுத்தது. யோசெப்பின் ஆட்கள் பின்னேரம் திரும்பவேண்டும். மறுபடி எப்போது வரமுடியும் என்று அவர்களால் சொல்ல முடியாது. வாடைக்காற்றுக்கு முன் கடலில் நாலு நாள் கிடைப்பதே பெரிய காரியம். பத்து மணிக்கு இரஞ்சிதம் குளக்கட்டில் குந்திவிட்டாள்.

அப்போதுதான் அலைகரைப் பக்கத்திலிருந்து முத்துலிங்கம் வந்தார். சாரத்தை மடித்துக் கட்டினார். குளக்கட்டிலே நின்ற மருதமரத்தைப் பார்த்தார், கோயில் கூரையைப் பார்த்தார், இரண்டையும் கண்ணால் ஒரு கோட்டில் கொண்டுவந்தார். ஆட்கள் தேடிய இடத்திலிருந்து முப்பது அடி வடக்கே நடந்து தண்ணீருக்குள் இறங்கினார். நெஞ்சளவு வந்ததும் நின்றார். காலால் துழாவினார். பிறகு பக்கத்தில் நின்றவனிடமிருந்து அலவாங்கை வாங்கி ஓங்கிக் குத்தினார்.

டங் என்றது.

அந்தச் சத்தம் குளக்கட்டில் நின்ற எல்லாருக்கும் கேட்டது. முத்துலிங்கம் அலவாங்கை அப்படியே நட்டுவிட்டு, ஏறி, ஈரச் சாரத்தோடு மருதமரத்தடியில் போய் இருந்தார்.

"லாண்ட்மாஸ்ரர் உழவு மெசினைக் கொண்டந்து கட்டி இழுப்பம்," என்று சிற்றம்பலம் கை வீசினார். அவர் அதுவரைக்கும் குடை பிடித்துக்கொண்டு வேடிக்கை பார்த்தவர்.

"இழுத்தா கயிறுதான் அறும் ஐயா," என்றான் யோசெப். "சேறு வாயை வைச்சு உறிஞ்சிப் பிடிச்சிருக்கு. கீழாலை தண்ணி போகவேணும். வள்ளம் புதைஞ்சாலும் இதுதான்."

நான்கு பேர் மூழ்கி மூழ்கிக் கல்லின் ஓரத்துச் சேற்றைக் கையால் தோண்டினார்கள். இரண்டு அலவாங்கு கீழே போனது. பிறகு இழுக்கவில்லை; ஆட்டினார்கள். யோசெப் குரல் கொடுத்தான், அந்தப் பக்கம் அமர்த்தினார்கள். குரல் கொடுத்தான், இந்தப் பக்கம் அமர்த்தினார்கள். குழந்தையைத் தொட்டிலில் ஆட்டுகிற மாதிரி அரை மணித்தியாலம். திடீரென்று மடு பெரிய ஏப்பம் விட்டது. கறுத்த குமிழிகள் பொங்கின. "விட்டிட்டுது!" என்று யோசெப் கத்தினான். கயிறு போட்டார்கள். உருட்டுக்கட்டைகளைக் கரையில் அடுக்கினார்கள். கடற்காரரோடு ஊரும் கயிற்றில் விழுந்தது. மேல்வயல்காரர், கடைக்கட்டுக்காரர், தேனுகா, யூலிற்றா, குடையை எறிந்துவிட்டுச் சிற்றம்பலம். கணபதியின் பழைய நாரிப்பிடிப்பு, அந்த இடுப்பு நோ, எங்கே போனதென்று தெரியவில்லை. கல் ஒரு கிழட்டு எருமை எழும்புவதுபோல, தலையை முதலில் காட்டி, பிறகு முதுகைக் காட்டி, மெதுமெதுவாகக் கரையேறியது.

தேனுகா வாளியால் தண்ணீர் ஊற்றிக் கழுவினாள். இரண்டு வரி எழுத்தும் அப்படியே இருந்தது. எல்லாரும் எழுத்தைப் பார்த்தார்கள். பிறகு ஆளையாள் பார்த்தார்கள்.

"எழுத்தைக் கீழை வைச்சுப் புதைப்பம்," என்றார் சிற்றம்பலம். "ஒருத்தருக்கும் தெரியாது."

"ஒளிச்சு ஒளிச்சுத்தானே ஐயா ஏழு வருசம் பட்டினி கிடந்தனாங்கள்?" என்றாள் தேனுகா. "இந்த எழுத்தை ஆர் வந்து என்ன எண்டு வாசிச்சாலும் வாசிக்கட்டும். இது குளம் கட்டினவன்ரை கல். குளத்திலை கிடக்கும்வரைக்கும் அது எங்களுக்குச் சாட்சி. எடுத்து ஒளிச்சா எங்களுக்கு என்ன சாட்சி இருக்கு? வாழைக்குலையே?"

சொன்ன பிறகுதான் மருதமரத்தடியில் இருந்தவரைக் கண்டு நாக்கைக் கடித்தாள்.

அந்தச் சண்டையைக் கல்லே தீர்த்தது. வானின் இரண்டு பக்கத்திலும் மண்ணுக்குள் அடிக்கற்கள் இருந்தன. அவற்றில் ஒவ்வொரு வெட்டு. எழுத்தைக் கீழே வைத்து இறக்கியபோது கல் ஆடியது, ஒரு பக்கம் நாலு விரல் தூக்கியது. இரண்டு தரம் பார்த்தார்கள். புரட்டி எழுத்தை மேலே வைத்ததும் கல்லின் இரு முனையிலும் நீண்ட காதுகள் அந்த வெட்டுகளுக்குள் போய் இறங்கின. அலவாங்கை விட்டுக் கிளப்பிப் பார்த்தும் அசையவில்லை. கொத்தியவன் வேறு எந்த விதமாகவும் அதை வைக்க இடம் விடவில்லை.

"அவன் எங்களை நம்பேல்லை," என்றான் யோசெப். "நல்ல வேலை செய்தான்."

தேனுகா நாடா பிடித்து அளந்தாள். படம் எடுத்தாள். கமக்காரர் அமைப்பின் பெரிய கொப்பியில், கல் எந்தத் திகதி எங்கிருந்து எடுத்து எங்கே வைக்கப்பட்டது என்று எழுதி, அங்கே நின்ற ஐம்பத்திரண்டு பேரிடமும் கையெழுத்து வாங்கினாள். கடற்காரர் எட்டுப் பேரும் வைத்தார்கள். கணபதி கோயில் பக்கம் ஒருதரம் பார்த்துவிட்டு வைத்தார். முத்துலிங்கம் பேனையை வாங்கி, யாரையும் பாராமல் தன் முழுப் பெயரையும் எழுதினார்.

லொறி புறப்படும்போது இரஞ்சிதம் கிட்டப் போனாள். யூலிற்றாவின் கையைப் பிடித்தாள்.

"நன்றி கின்றி எண்டு சொன்னியெண்டா அறைவன்," என்றாள் யூலிற்றா.

"சொல்லேல்லையடி. கையைக் கொஞ்சம் வைச்சிரு."

கல்லுக்குக் கீழே அரிந்த பள்ளத்தை ஊர் களிமண்ணும் கருங்கல்லும் போட்டு அடைத்தது. ஐப்பசி பாதியில் மழை பிடித்தது. கார்த்திகை முழுக்க விட்டுவிட்டுக் கொட்டியது. இரஞ்சிதம் இரண்டு ஏக்கரும் விதைத்தாள். நாளுக்கு இரண்டு தரம் குளத்தைப் போய்ப் பார்த்தாள். தண்ணீர் உடைந்த கொங்கிறீட்டை மூடியது, வழக்கமாய் வழிந்தோடிவிடுகிற மட்டத்துக்கு வந்தது, வழியாமல் நின்றது, மேலே ஏறியது. மழைக்கு முன்பே அரிந்த பாதைக்கு ஊர் மண் போட்டிருந்தது. வானால் ஒரு சொட்டும் இறங்காததால் அந்த மண் அப்படியே கிடந்தது. ஆழம்போன கிணறுகளில் தண்ணீர் வாளியைத் தேடி வந்தது. யானை காட்டோரத்தில் நின்று பார்த்துவிட்டுத் திரும்பியது. ஒரு காலை, ஏழு வருடமாய்க் காணாத நீண்ட கால் வெள்ளைப் பறவை ஒன்று கல்லின் மேல் நின்றது. அதற்கு எப்படித் தெரிந்ததோ.

மார்கழி முதல் கிழமை குளக்கட்டில் பிள்ளையாருக்குப் பொங்கினார்கள். கல்லின் தலைக்கு இன்னும் ஒரு சாண் இருந்தது. சிற்றம்பலம் தேங்காய் உடைத்துவிட்டு, தொண்டையைச் செருமினார்.

"தை மாதம் கடைக்கட்டுக்கும் தண்ணி. ஆறு ஏக்கருக்கும். எழுதியாச்சு."

எல்லாரும் இரஞ்சிதத்தைப் பார்த்தார்கள். அவள் கும்பிட்டாள். பொங்கல் தின்ன நிற்கவில்லை. கல்யாணக் கூறைக்குப் பிறகு அவளிடம் இருந்த ஒரே நல்ல சேலை அது, மாம்பழ நிறம். அதை உடுத்தபடியே கட்டால் இறங்கி, அலைகரையைச் சுற்றி நடந்தாள்.

வாழைத்தோட்டத்தில் முழங்காலுக்கு மேலே தண்ணீர். முத்துலிங்கம் தனியே நின்று முற்றாத குலைகளை வெட்டிக்கொண்டிருந்தார். கரையில் பத்துப் பன்னிரண்டு குலை கிடந்தது. மிச்சம் மரத்தில்.

அவள் சேலையோடு தண்ணீருக்குள் இறங்கினாள்.

"ஏன் வந்தனீ? அங்கை பொங்கல் இல்லையே?"

"இருக்கு."

"தலைவர் சொல்லிப்போட்டாரோ?"

"ஓம் அண்ணை. சொல்லிப்போட்டார்."

அவர் தலையாட்டினார். கத்தியால் ஒரு குலையின் காம்பைத் தட்டினார். அது சரிந்தபோது அவள் போய்த் தோளைக் கொடுத்தாள். காம்பிலிருந்து வாழைப்பால் வடிந்து சேலையில் விழுந்தது. கறுக்கிற கறை அது. எதைப் போட்டுத் தோய்த்தாலும் போகாது.

"சீலை பழுதாப் போகுது, இரஞ்சிதம்."

"போகட்டும்."

கணபதி வரம்பால் வருவது தெரிந்தது. அவருக்குப் பின்னால் தேனுகா, சட்டையை உயர்த்திப் பிடித்தபடி. இன்னும் இரண்டு கடைக்கட்டுக்காரர்.

முத்துலிங்கம் மரத்தில் பட்ட நீர்க்கோட்டைப் பார்த்தார். "இன்னும் ஏறுமோ?"

இந்தத் தடவையும் அவளுக்குப் பொய் வரவில்லை.

"இன்னும் ஒரு சாண் இருக்கு அண்ணை. ஏறும்."

அவர் அடுத்த மரத்துக்கு நகர்ந்தார். குளம் தன் பழைய எல்லைவரைக்கும் வெள்ளையாய் விரிந்து கிடந்ததை ஒருதரம் பார்த்தார்.

"ஏறட்டும்," என்றார். "அந்தப் பக்கத்துத் தோளைக் குடு. இந்தக் குலை பாரம்."